ஆன்-மரி, அன்னமாரி

என் மகளுக்கு ஆன்-மரி என்று பெயர் வைத்தவள் என் மனைவி. அப்போது நாங்கள் கல்வராயன் மலையில், வெள்ளிமலைக்குப் பக்கத்தில் குடியிருந்தோம். மலைவாழ் பிள்ளைகள் தங்கிப் படிக்கும் பள்ளியில் நான் ஆசிரியர். அவள் கன்னியாஸ்திரிகள் நடத்திய ஒரு சின்ன மருந்தகத்தில் நர்ஸ். புதுச்சேரிக்காரி. அவளுடைய அப்பா பிரெஞ்சு ராணுவத்தில் சிப்பாயாக இருந்து ஓய்வு பெற்றவர் என்பதால் அந்தக் குடும்பத்தில் எல்லாருக்கும் பிரெஞ்சுக் குடியுரிமை இருந்தது. நான் கள்ளக்குறிச்சிக்காரன். ஆடி மாதம் கூழ் ஊற்றும் வீட்டில் பிறந்தவன். எங்கள் கல்யாணத்துக்கு என் அப்பா மட்டும் வந்து, மாதா கோயிலின் கடைசி பெஞ்சில் செருப்பைக் கையில் பிடித்தபடி உட்கார்ந்திருந்தார்.

எங்களுக்கு முதல் இரண்டு குழந்தைகள் வயிற்றிலேயே தங்கவில்லை. மூன்றாவதுதான் இவள். புதுச்சேரி ஆஸ்பத்திரியில் கட்டிலில் படுத்துக்கொண்டே அவள் பெயரைச் சொன்னபோது எனக்குச் சரியாகக் காதில் விழவில்லை.

"ரெண்டு பேராச்சே அது?" என்றேன்.

"ரெண்டு இல்லீங்க, ஒண்ணுதான். எழுதினா நடுவுல ஒரு கோடு வரும்."

"எதுக்குக் கோடு?"

அவள் குழந்தையின் முகத்திலிருந்து கண்ணை எடுக்காமல் சொன்னாள். "ஆன்னா அன்னம்மாள். மாதாவோட அம்மா. ரொம்ப நாளு புள்ள இல்லாம அழுதுக்கினு இருந்து, வயசான காலத்துல பெத்தாங்க. அப்படிப் பொறந்த பொண்ணுதான் மரி. அம்மாவும் பொண்ணும் கையப் புடிச்சிக்கினு நிக்கிறாப்ல இருக்குதில்ல?"

அவள் இழந்த இரண்டையும் நினைத்துத்தான் அப்படிச் சொல்கிறாள் என்று புரிந்தது. நான் மனத்தில் வைத்திருந்த பெயரை அவளிடம் சொல்லவே இல்லை. ஆன் என்றால் அருள் என்று அர்த்தம் என்பதையும் அவள்தான் சொன்னாள். மரி என்பதற்கு என்ன அர்த்தம் என்று கேட்டேன். கசப்பு என்று சிலர் சொல்வார்கள், கடல் என்று சிலர் சொல்வார்கள், யாருக்கும் உறுதியாகத் தெரியாது என்றாள். அந்தப் பெயரில் ஒரு தாயும் மகளும் இருந்தார்கள். தகப்பன் இல்லை. அன்றைக்கு எனக்கு அது தோன்றவில்லை.

அதைச் சொல்லப் பழகுவதுதான் கஷ்டமாக இருந்தது. 'ஆன்' என்று சொல்லி மூச்சு விடாமல் 'மரி' என்று முடிக்க வேண்டும். அதில் வரும் 'ர' நாக்கில் வரக்கூடாது, தொண்டையில் வர வேண்டும், தண்ணீர் கொப்பளிக்கிற மாதிரி. நான் சொல்வதைக் கேட்டு அவள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பாள். "நீங்க சும்மா பாப்பான்னே கூப்பிடுங்க" என்பாள். ஆனாலும் நான் விடவில்லை. பள்ளிக்கூடத்துத் திடலில் நின்று சரிவுக்குக் கீழே விளையாடும் குழந்தையை முழுப்பெயர் சொல்லிக் கூப்பிடுவேன். முதல் பாதி காற்றில் போய்விடும். இரண்டாவது பாதி எதிர்மலையில் பட்டுத் திரும்பி வரும். மெல்ல மெல்ல எனக்கு அந்தப் பெயர் பிடித்துப்போனது. வேறு எந்தப் பெயரும் அவளுக்குப் பொருந்தியிருக்காது என்றுகூட நினைக்க ஆரம்பித்தேன்.

மலைக்காரப் பெண்கள் ஒரு நாளும் அப்படிச் சொன்னதில்லை. மருந்துக்கு வருகிறவர்கள் குழந்தையைத் தூக்கி வைத்துக்கொண்டு "அன்னமாரி, அன்னமாரி" என்று கொஞ்சுவார்கள். அவர்கள் காதுக்கு அது மாரியம்மன் பெயர். எங்கள் தலைமையாசிரியர் கீழ்நாட்டுக்காரர், உளுந்தூர்பேட்டைப் பக்கம். பள்ளியில் சேர்க்கும்போது பேனாவைத் திறந்து வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார். "இன்னா சார், ஒரு பேரு பத்தலன்னு ரெண்டு பேரா? இந்தக் கோட்ட எங்க போடறது? மேல போடணுமா, கீழ போடணுமா?" கடைசியில் கோடு இல்லாமல் ஆன்மேரி என்று எழுதிக்கொண்டார். என் மகள் அதைப் படித்துப் பார்த்து, "இது நான் இல்லப்பா" என்றாள்.

அவளுக்கு எட்டு வயது நடந்துகொண்டிருந்தபோது என் அப்பாவுக்குப் பக்கவாதம் வந்தது. வலது கையும் காலும் விழுந்துவிட்டன. பேச்சு குழறியது. அம்மா அதற்கு முன்பே போய்விட்டாள். எனக்குக் கூடப்பிறந்தவர்கள் கிடையாது. அதே சமயத்தில்தான் பிரான்சிலிருந்து என் மைத்துனன், அக்காவுக்கு ஒரு ஆஸ்பத்திரியில் வேலைக்குச் சொல்லி வைத்திருப்பதாகவும் உடனே கிளம்பி வரும்படியும் சொல்லியனுப்பினான். குழந்தை அங்கே படிக்கலாம், எல்லாம் அரசாங்கமே பார்த்துக்கொள்ளும் என்றான். நாங்கள் இரண்டு பேரும் பல நாள் பேசினோம். சண்டை போடவில்லை. அவளும் குழந்தையும் முதலில் போவது, அப்பாவின் காரியங்கள் எல்லாம் முடிந்த பிறகு நான் போவது என்று முடிவாயிற்று. 'காரியங்கள் முடிந்த பிறகு' என்றுதான் இரண்டு பேரும் சொன்னோம். அதற்கு மேல் விளக்கமாகச் சொல்ல இரண்டு பேருக்கும் வாய் வரவில்லை.

மலையைவிட்டு இறங்கிக் கள்ளக்குறிச்சியில் அப்பா இருந்த வாடகை வீட்டுக்கு வந்தோம். மறுநாள் பஸ் ஏறி அவர்கள் புதுச்சேரி போய், அங்கிருந்து மாமனாரோடு சென்னைக்குப் போக வேண்டும். நான் அப்பாவோடு இருந்துவிட வேண்டும். அன்று காலையில் பெட்டிகளை எடுத்துக்கொண்டு பஸ் ஸ்டாண்டுக்குப் போனால், அங்கே ஒரு பஸ்ஸும் இல்லை. டீக்கடைகூடப் பாதிதான் திறந்திருந்தது.

"எங்க போவப் போறீங்க?" என்றார் டீக்கடைக்காரர். "ரோடு முச்சூடும் மரத்த வெட்டிப் போட்டுட்டாங்க. இடஒதுக்கீடு கேட்டு மறியல். எந்தப் பக்கமும் வண்டி போவாது. வூட்டுக்குப் போங்க."

என் மனைவி பெட்டியின் மேல் உட்கார்ந்துவிட்டாள். விமான டிக்கெட் போட்டாயிற்று, அங்கே வேலையில் சேரும் நாள் குறித்தாயிற்று. அவள் அழவில்லை, உதட்டைக் கடித்துக்கொண்டு வெறும் சாலையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். தபால் ஆபீசுக்குப் போய் புதுச்சேரிக்கு டிரங்க் கால் போட்டுப் பார்த்தோம். லைன் கிடைக்கவில்லை. உளுந்தூர்பேட்டையில் லாரிகள் மைல் கணக்கில் நிற்பதாகச் சொன்னார்கள். சில ஊர்களில் துப்பாக்கிச்சூடு நடந்தது, குடிசைகள் எரிந்தன என்றெல்லாம் செய்தி வந்தது. அவற்றைக் கேட்டு ஊரே கதவைச் சாத்திக்கொண்டு பயந்து கிடந்தது. எனக்கும் பயம்தான். ஆனால் அந்தப் பயத்துக்கு அடியில் வேறொன்றும் இருந்தது. இன்றைக்கும் இவர்கள் போகவில்லை என்பதுதான் அது. காலையில் கண் விழித்ததும் பஸ் சத்தம் கேட்கிறதா என்று காது கொடுப்பேன். கேட்காவிட்டால் எழுந்து போய் சந்தோஷமாக அடுப்பைப் பற்ற வைப்பேன்.

சும்மா இருக்கிற நாளில் என்ன செய்வது என்று என் மகளுக்கு சைக்கிள் ஓட்டக் கற்றுக்கொடுத்தேன். மலையில் அதற்கு வழியில்லை, எல்லாம் ஏற்றமும் இறக்கமும். இங்கே கச்சிராயபாளையம் போகும் சாலை முழுவதும் காலியாகக் கிடந்தது. பஸ்ஸும் லாரியும் பறக்கிற அந்தத் தார்ச்சாலையில், நட்டநடுவே, வாடகை சைக்கிளில் அவள் வளைந்து வளைந்து போனாள். நான் சீட்டைப் பிடித்துக்கொண்டு பின்னால் ஓடினேன். இரண்டு பக்கமும் கரும்பு. வெட்டிப்போட்ட புளியமரம் ஒன்றின் பக்கத்தில் பத்துப் பதினைந்து பையன்கள் உட்கார்ந்திருந்தார்கள். அவர்களைப் பார்த்ததும் சைக்கிளை இழுத்து நிறுத்தினேன். திரும்பிவிடலாம் என்று நினைப்பதற்குள் ஒருவன் எழுந்து கையைக் காட்டினான்.

"யாரு நீங்க? எங்க போய்க்கினு இருக்கீங்க?"

"வாத்தியாருப்பா. வூடு இங்கதான். கொழந்தைக்கு சைக்கிள் பழக்குறேன்."

அவன் குனிந்து அவளிடம் கேட்டான். "பேரு இன்னா பாப்பா?"

"ஆன்-மரி" என்றாள், தொண்டையில் கொப்பளிக்கிற அந்த 'ர'வோடு.

"இன்னாது?"

மரத்தின் மேல் உட்கார்ந்திருந்த இன்னொருவன், "அன்னமாரின்னு சொல்லுதுடா. மாரியாத்தா பேரு" என்றான். என் மகள் திருத்த வாயெடுத்தாள். நான் அவள் தோளை அழுத்தினேன்.

கேள்வி கேட்டவன் சிரித்துவிட்டான். "சீட்டப் புடிச்சிக்கினு ஓடினா எப்பிடி சார் ஓட்டும்? வுடுங்க நீங்க" என்று சொல்லி, தானே சைக்கிளைப் பிடித்து ஒரு தள்ளு தள்ளிவிட்டான். அவள் கத்திக்கொண்டே போனாள். விழவில்லை. தூரத்தில் போய்க் காலை ஊன்றி நின்று திரும்பிப் பார்த்தாள். அந்தப் பையன்கள் கை தட்டினார்கள். அவர்களில் யார் வீட்டில் பிற்பாடு என்ன நடந்தது என்று எனக்குத் தெரியாது. அன்றைக்கு என் மகளைத் தள்ளிவிட்ட கை எனக்கு ஞாபகம் இருக்கிறது.

மறியல் தளர்கிற மாதிரி இருந்தபோது, பக்கத்து வீட்டு பாய் வந்தார். கடைத்தெருவில் வெல்ல மண்டி வைத்திருந்தவர். அவருடைய மகளை உளுந்தூர்பேட்டையில் கட்டிக்கொடுத்திருந்தார். அங்கே அவசரமாகப் போக வேண்டியிருந்ததால், மெயின் ரோட்டை விட்டுவிட்டுக் களமருதூர் பக்கம் கிராமத்து வழியாக வேனில் போகப்போவதாகச் சொன்னார். "அங்க என் மருமவன் கிட்ட சொல்லி, எப்பிடியாவது பாண்டிக்கு அனுப்பி வுட்டுடறேன். நம்ம வூட்டுப் பொம்பளைங்களும் வர்றாங்க. பயம் இல்ல சார்" என்றார். வேனில் இடம் கம்மி. இருந்திருந்தாலும் அப்பாவை விட்டுவிட்டு நான் போக முடியாது. அப்படித்தான் பஸ் ஸ்டாண்டில் நடக்க வேண்டிய எங்கள் பிரிவு வெல்ல மண்டி வாசலில் நடந்தது.

என் மனைவி வேனில் ஏறிய பிறகும் என் கையை விடவில்லை. "நேரத்துக்குச் சாப்பிடுங்க. தாத்தாவுக்கு முதுகுல புண்ணு வராமப் பாத்துக்கோங்க" என்றாள். மகள் ஜன்னல் வழியாகத் தலையை நீட்டினாள்.

"அப்பா, நீ எப்போ வருவே?"

"தாத்தாவுக்குச் சரியானதும் வந்துடறேன்."

சரியாவது என்றால் என்ன என்று எனக்குத் தெரியும், என் மனைவிக்கும் தெரியும். அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். குழந்தை மட்டும் சந்தோஷமாகத் தலையாட்டினாள். வேன் போன பிறகு கொஞ்ச நேரம் மண்டி வாசலிலேயே நின்றேன். ஈக்கள் வெல்லத்தின் மேல் மொய்த்துக்கொண்டிருந்தன.

அப்பாவுக்குச் சரியாகவில்லை. போய்ச் சேரவும் இல்லை. ஏழு வருஷம் அந்தக் கட்டிலில் இருந்தார். அவர் சீக்கிரம் போக வேண்டும் என்று நான் ஒரு நாளும் நினைத்ததில்லை. அவர்தான் நினைத்தார். இடது கையால் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு, "போ... போ..." என்பார். என்னைப் போகச் சொல்கிறாரா, தான் போக வேண்டும் என்கிறாரா என்று தெரியாமல், "சரிப்பா" என்பேன். பகலில் அவரைப் பார்த்துக்கொள்ளப் பக்கத்துத் தெருவிலிருந்து ஒரு அம்மாள் வந்தார். நான் காலையில் முதல் பஸ்ஸில் மலையேறி, சாயங்காலம் இறங்கி வருவேன். மலையில் பள்ளிக்கூடத்துக் குவார்ட்டர்ஸைக் காலி செய்து சாவியைக் கொடுத்துவிட்டேன். மருந்தகத்தின் வழியாகப் போக வேண்டாம் என்று பள்ளிக்குப் பின்பக்கச் சரிவில் ஏறிப் போவேன். அப்படியும் சந்தையில் பார்க்கிற பெண்கள் விடமாட்டார்கள். "அன்னமாரி எப்ப சார் வரும்?" என்று கேட்பார்கள். லீவுக்கு வரும் என்று சொல்லி வைப்பேன்.

ஒரு வருஷம் ஜூன் மாதம் ஒன்றாம் வகுப்பு எனக்கு வந்தது. புதுப் பிள்ளைகளின் பெயர்களைக் கூப்பிட்டுக்கொண்டே வந்தவன் ஒரு பெயரில் நின்றுவிட்டேன். அன்னமாரி. கடைசி வரிசையில் எண்ணெய் வழியும் தலையோடு ஒரு பெண் எழுந்து நின்று, "உள்ளேன் ஐயா" என்றாள். அவளுடைய அம்மா வெளியே வேப்பமரத்தடியில் நின்றிருந்தாள். மத்தியானம் போய்க் கேட்டேன்.

"ஒங்க வூட்டம்மாதான் சார் இவளப் பொறக்க வச்சது. கொடி சுத்திக்கிட்டு வந்தா, பொழைக்க மாட்டான்னு நெனச்சோம். அவங்க பாப்பா பேரு நல்லாருந்துச்சு. அதான் வச்சோம். தப்பா சார்?"

"தப்பே இல்லம்மா" என்றேன். அதற்கு மேல் நிற்க முடியாமல் வகுப்புக்குப் போய்விட்டேன். அந்தப் பிள்ளைகளோடு நானும் வருஷா வருஷம் அடுத்த வகுப்புக்குப் போனேன். அந்தப் பெண் அங்கே படித்த வருஷங்களில், ஒவ்வொரு காலையும் அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட எனக்கு ஒரு காரணம் இருந்தது. பதிலும் வந்தது. அவள் ஐந்தாம் வகுப்பு முடித்துப் போனபோது அந்தக் கோடை விடுமுறை எனக்கு நீளமாக இருந்தது.

அப்பா இறந்ததும் என் மனைவிக்கு போன் செய்து சொன்னேன். அழுதாள். பிறகு, "இப்ப வரீங்களா?" என்றாள். அந்தக் கேள்வியில் ஏழு வருஷம் இருந்தது. அவள் ஆஸ்பத்திரியில் இரவு ஷிப்ட் பார்த்து, பகலில் தூங்கி, தன் சம்பளத்தில் மகளைப் படிக்க வைத்து, தனியாக ஒரு வாழ்க்கையைக் கட்டி முடித்திருந்தாள். "பாஷை தெரியாம நாலு செவுத்துக்குள்ள என்னாங்க பண்ணுவீங்க? நெனச்சுப் பாத்துச் சொல்லுங்க. நான் வரவேணாம்னு சொல்லல" என்றாள். நான் நினைத்துப் பார்த்தேன். அடுத்த வருஷம் பார்க்கலாம் என்றேன். அவளும் சரி என்றாள். அதற்கப்புறம் அந்தப் பேச்சை இரண்டு பேரும் எடுக்கவில்லை. கோபம் எதுவும் இல்லை. கோபம் இருந்திருந்தாலாவது ஒரு முறை நேரில் பார்த்துச் சண்டை போட்டிருப்போம்.

மகள் வந்தாள். படித்து வேலைக்குப் போன பிறகு, முதுகில் பெரிய பையோடு, கள்ளக்குறிச்சி பஸ் ஸ்டாண்டில் இறங்கினாள். நான் அவளை அடையாளம் கண்டுகொள்வதற்குள் அவள் என்னைக் கண்டுகொண்டாள். அவளுடைய தமிழ் ஒரு சமையலறைக்குள்ளேயே வளர்ந்த தமிழ். சாப்பாடு, உடம்பு, கோபம், பாசம் எல்லாவற்றுக்கும் வார்த்தை இருந்தது. மற்றவற்றுக்கு நின்று யோசித்தாள்.

மறுநாள் மலைக்குப் போகும் பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தவளை, வெகு கவனமாகத் தொண்டையில் 'ர' வைத்து, முழுப்பெயர் சொல்லிக் கூப்பிட்டேன். சிரித்தாள்.

"அங்க யாரும் என்ன அப்பிடிக் கூப்பிடறதில்லப்பா. ஆன்னுதான் கூப்பிடுவாங்க."

"மரி?"

"மரி பாஸ்போர்ட்ல இருக்கா." பிறகு என் முகத்தைப் பார்த்துவிட்டுக் கையைப் பிடித்துக்கொண்டாள். "அது அங்க ரொம்பப் பழைய பேருப்பா. என் வயசுல யாருக்கும் இல்ல. ஸ்கூல்ல சிரிப்பாங்க. கெழவி பேருன்னு."

நாங்கள் அதை ஒரு புதுமையான பெயர் என்று நினைத்திருந்தோம். மாமனார் தன் இளம் வயதில் பிரெஞ்சு அதிகாரிகளின் வீடுகளில் கேட்ட பெயர் அது. அவருக்கும் அவர் மகளுக்கும் அது பழசாகவே இல்லை.

"அப்ப ஒனக்குப் புடிக்காதா?"

"முன்னாடி புடிக்காது" என்றாள். அவள் முதியோர் இல்லம் ஒன்றில் வேலை பார்க்கிறாள். அங்கே அந்தப் பெயரில் நிறைய கிழவிகள் இருக்கிறார்களாம். அதில் ஒருத்திக்கு எல்லாமே மறந்துவிட்டது. பெற்ற பிள்ளை வந்தாலும் தெரியாது. தன் பெயர் மட்டும் தெரியும். "டெய்லி காலைல நான் போயி, 'நான் ஆன்-மரி'ன்னு சொல்லுவேன். அவங்க என்னையே பாத்துக்கினு இருப்பாங்க. அப்பறம் 'நானும்'னு சொல்லுவாங்க. அவ்ளோதான். டெய்லி புதுசா சந்தோஷப்படுவாங்கப்பா. அவங்க செத்தப்பறம்தான் நான் பேர முழுசா எழுத ஆரம்பிச்சேன். கோட்டோட."

பஸ் ஏறிக்கொண்டிருந்தது. மேகம் ஜன்னலுக்குப் பக்கத்தில் வந்தது. மலையில் அவள் பெயரோடு ஒரு பெண் இருக்கிறாள் என்று சொன்னேன். உடனே பார்க்க வேண்டும் என்றாள்.

ஓடையைத் தாண்டி அந்த வீட்டுக்குப் போனோம். அம்மா மட்டும் இருந்தாள், மரவள்ளிக் கிழங்கைச் சீவிக்கொண்டு. மகள் கேரளாவில் மிளகுத் தோட்டத்தில் புருஷனோடு கூலிக்குப் போயிருப்பதாகச் சொன்னாள். பொங்கலுக்கு வருவேன் என்றவள் வரவில்லை. அதற்கு முந்தின பொங்கலுக்கும் வரவில்லை.

"இவதாம்மா என் பொண்ணு. அசல் அன்னமாரி" என்றேன்.

அந்த அம்மாள் கத்தியைக் கீழே வைத்துவிட்டு எழுந்து வந்தாள். என் மகளின் கன்னத்தை இரண்டு கையாலும் தடவினாள். மாவு அப்படியே ஒட்டிக்கொண்டது. "எம் பொண்ணும் இந்த ஒசரம்தான் இருப்பா" என்றாள். அப்படியே அவள் தோளில் சாய்ந்து அழ ஆரம்பித்தாள். என் மகளுக்கு அவள் பேச்சு பாதி புரிந்திருக்காது. அந்த அம்மாளின் முதுகைத் தட்டிக்கொண்டே நின்றாள். முதியோர் இல்லத்தில் பழகிய கை. நான் வாசலுக்கு வந்து திண்டில் உட்கார்ந்தேன். அந்த அம்மாள் கிழங்கு அவித்துக் கொடுத்தாள். மூன்று பேரும் மிளகாய் தொட்டுக்கொண்டு தின்றோம். கிளம்பும்போது, "நீ இருப்பியா கொஞ்ச நாளு?" என்று என் மகளிடம் கேட்டாள். இல்லை, அடுத்த வாரம் போக வேண்டும் என்றாள் அவள். அந்த அம்மாள் என்னைப் பார்த்தாள், நானும் அவளைப் பார்த்தேன். அவளும் நானும் அதற்கு முன்போ பின்போ அவ்வளவு பேசிக்கொண்டதில்லை.

அதன் பிறகு மகள் இரண்டு தடவை வந்தாள். ஒரு தடவை அவளுடைய அம்மாவும் புதுச்சேரி வரை வந்தாள். நான் போய்ப் பார்த்தேன். கடற்கரையில் நடந்தோம். தலை நரைத்திருந்தது, அழகாக இருந்தாள். "ஒழுங்கா சாப்பிடறீங்களா?" என்று கேட்டாள். சாப்பிடுகிறேன் என்றேன்.

இப்போது நான் ஓய்வு பெற்றுக் கள்ளக்குறிச்சியில் இருக்கிறேன். ஞாயிற்றுக்கிழமை மகள் போன் செய்வாள். மழை பெய்ததா என்று கேட்பாள். கோமுகி அணையில் தண்ணீர் எவ்வளவு வந்திருக்கிறது என்று சொல்வேன். அதற்குப் பிறகு பேச அதிகம் இருக்காது. ஆனாலும் அவள் உடனே வைத்துவிட மாட்டாள். போன மாதம் பேசும்போது, அங்கே பனி கொட்டிக்கொண்டிருக்கிறது என்றாள்.

"சத்தம் எப்பிடிம்மா இருக்கும்?" என்று கேட்டேன்.

"சத்தமே இருக்காதுப்பா" என்றாள்.

இரண்டு பேரும் கொஞ்ச நேரம் போனைக் காதில் வைத்துக்கொண்டு அதைக் கேட்டுக்கொண்டிருந்தோம்.